√(க + 7) = க − 5: ஒரு விடை ஏன் தள்ளுபடி?

கொழிஞ்சாம்பாறையில் தமிழ்வழியில் படிக்கும் தம்பியின் கேள்வி: வர்க்கப்படுத்தினால் 9, 2 என இரண்டு விடை வருகிறது, புத்தகத்தில் 9 மட்டும்தான். ஏன்?

நீ போட்டது சரிதான் தம்பி. இருபுறமும் வர்க்கப்படுத்திச் சுருக்கினால் வரும் க² − 11க + 18 = 0 என்பதற்கு இரண்டுமே தீர்வு. ஆனால் வர்க்கப்படுத்தியதும் குறி தொலைந்துவிடுகிறது. 3, −3 இரண்டுக்கும் வர்க்கம் 9தானே? √ குறியோ ஒருபோதும் குறை எண்ணைத் தராது. 2-ஐப் போட்டுப் பார்: இடப்பக்கம் √9, அதாவது 3, வலப்பக்கம் −3. ஒத்துவரவில்லை. அது √(க + 7) = 5 − க என்ற வேறு சமன்பாட்டின் விடை, இங்கே நுழைந்துவிட்டது. 9-க்கு இருபுறமும் 4.

சரிபார்ப்பதை எப்போதும் முதல் சமன்பாட்டிலேயே செய், வர்க்கப்படுத்தியதில் செய்தால் 2-உம் தப்பிவிடும். அப்புறம், வர்க்கமூலத்தோடு வேறு உறுப்பு கூட்டியோ கழித்தோ ஒட்டியிருந்தால் முதலில் அதை மறுபக்கம் தள்ளு. இல்லையென்றால் வர்க்கப்படுத்திய பிறகும் √ போகாது.