கொடுத்தே தீர்த்தவர்

கேள்வி: சொத்தில் பாதிக்கு மேல் தானம் என்று கோடீஸ்வரர்கள் அறிவிக்கிறார்களே, நம்பலாமா?

பதில்: 2010-இல் பில் கேட்ஸ், மெலிண்டா, வாரன் பஃபெட் தொடங்கிய 'கிவிங் பிளெட்ஜ்' அது. சட்டப்படி கட்டாயமில்லை, உயிலில் எழுதினாலும் போதும். அதனால் அறிவிப்புக்கு நான் கைதட்டுவதில்லை. என் மனசுக்குப் பிடித்தவர் அமெரிக்கரான சக் ஃபீனி. விமான நிலையங்களில் வரியில்லாக் கடைகள் நடத்திச் சம்பாதித்தவர். 1984-இலேயே ஏறக்குறைய மொத்தச் சொத்தையும் அறக்கட்டளைக்கு ரகசியமாக மாற்றிவிட்டார். 1997 வரை ஊருக்கே தெரியாது! அயர்லாந்தில் பல்கலைக்கழகங்கள், வியட்நாமில் மருத்துவமனைகள் என்று 800 கோடி டாலர் போனது. உயிரோடு இருக்கும்போதே கொடுத்துவிட வேண்டும் என்பது அவர் பிடிவாதம். 2020-இல் பணம் தீர்ந்து அறக்கட்டளையே மூடப்பட்டது. அப்புறமும் சான்ஃபிரான்சிஸ்கோவில் வாடகை வீட்டில்தான் இருந்தார். 2023-இல், 92 வயதில் மறைந்தார்.