‘பிறை’ போட்டி அரையிறுதி பூஸ்ட் புகார்: வெளியேற்ற வேண்டாம், சுற்றைத் திருப்புங்கள்

வணக்கம். கவுண்டர்-ஸ்டிரைக் 2 என்ற துப்பாக்கிச் சண்டை வீடியோ கேமின் அரையிறுதியில் ஓர் அணி பூஸ்ட் செய்து, அதாவது சக வீரரின் தோள்வழியே ஆளை ஏற்றி, கண்ணுக்குத் தெரியாத விளிம்பில் நிறுத்தி வென்றது, தோற்றவர்கள் அதை வெளியேற்றச் சொல்கிறார்கள், உங்கள் விதித்தாளில் இதற்கு ஒரு வரிகூட இல்லை என்கிறீர்கள். வெளியேற்றாதீர்கள். எழுதாத விதிக்குத் தண்டனை கொடுத்தால் அடுத்த போட்டிக்கு யார் நம்பி வருவார்கள்?

முதலில் சர்வர் டெமோவை, அதாவது சர்வர் பதிவுசெய்த முழு ஆட்டத்தை எடுங்கள். கைப்பேசிக் காணொளி ஒருவரின் பார்வையை மட்டுமே காட்டும். தோளில் ஏறி நிற்பது குற்றமல்ல. காலடியில் தெரியும் தரை இருந்ததா என்பதே கேள்வி. டெமோவில் கேமராவை அவர் காலுக்குக் கீழே கொண்டுபோய்ப் பார்த்து, அந்த நொடியைக் காட்டும் டிக் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள்.

புகார் கொடுத்தவர்களின் சுற்றுகளையும் விடாமல் பாருங்கள். இது மிக முக்கியம். 2014 ட்ரீம்ஹேக் விண்டர் போட்டியில், ஓவர்பாஸ் என்ற மேப்பில் (ஆட்டக் களத்தில்) ஃபினாட்டிக் அணி செய்த பூஸ்ட் மீது எல்டிஎல்சி அணி புகார் செய்தது. முதலில் இரண்டாம் பாதியை மட்டும் மறுபடி ஆடச் சொன்னார்கள் போட்டி நடத்தியவர்கள். எல்டிஎல்சியும் விதிமீறிய பூஸ்ட் போட்டது தெரிந்ததும் முழு ஆட்டத்தையும் மறுபடி ஆடச் சொன்னார்கள், ஃபினாட்டிக் விலகிக்கொண்டது.

காலடியில் தெரியும் தரை இல்லை என்பது உறுதியானால், சர்வர் சேமித்த சுற்று பேக்கப் கோப்பிலிருந்து, பூஸ்ட் முதலில் நடந்த சுற்றின் தொடக்கத்துக்குத் திரும்புங்கள். புள்ளியை மட்டும் கையால் மாற்றினால் பணமும் துப்பாக்கிகளும் பொருந்தாது, அடுத்த சண்டை அங்கேதான் கிளம்பும். பத்து வீரர்களும் சர்வரில் இணைந்த பிறகே அந்தக் கோப்பை ஏற்றுங்கள்.

இறுதியாட்டத்துக்கு முன் பூஸ்ட் பற்றிய விதியை எழுதி, இரு கேப்டன்களிடமும் கையெழுத்து வாங்குங்கள்.