பிஜியில் வணக்கம் சொல்லச் சான்றிதழ் எதற்கு?

கேள்வி: பிஜி நாட்டு நாடி நகரில், ஓட்டல் ஒன்றில் சமையல் வேலை கிடைத்திருக்கிறது. ‘பசிபிக் மொழி’ப் பயிற்சிச் சான்றிதழுக்கென ஏஜென்ட் தனியாகப் பணம் கேட்கிறார். கட்டலாமா? எல்லாரிடமும் ‘புலா’ என்று வணக்கம் சொன்னால் போதாதா?

பதில்: கட்டாதீர்கள். பசிபிக் மொழி என்று ஒரு மொழியே கிடையாது. பப்புவா நியூ கினியில் மட்டும் 800-க்கு மேற்பட்ட மொழிகள் வழங்குகின்றன. சமோவாவில் ‘தாலோஃபா’ என்றும் டோங்காவில் ‘மாலோ ஏ லேலெய்’ என்றும் வணக்கம் சொல்வார்கள். இல்லாத மொழிக்குச் சான்றிதழ் விற்பவர் நாளை இல்லாத வேலையையும் விற்பார். பதிவுபெற்ற முகவர் சேவைக் கட்டணமாக 30,000 ரூபாயும் அதற்கான ஜிஎஸ்டியும்தான் வாங்கலாம். அவருடைய பதிவு எண்ணை மத்திய அரசின் இ-மைக்ரேட் இணையதளத்தில் சரிபாருங்கள். ரசீது தராதவரிடம் ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள். ஒரே தாளுக்கு மூன்று நகல் கேட்கத் தெரிந்த நம் அலுவலகங்கள், போகிற ஊரில் எப்படி வணக்கம் சொல்வது என்று அரைப்பக்கம் அச்சிட்டுக் கொடுத்திருந்தால் இந்த வியாபாரமே முளைத்திருக்காது.

இனி வணக்கத்துக்கு வருவோம். ‘புலா’ என்றால் உயிர், வாழ்வு. பிஜி மொழியில் ‘ப’வுக்கு முன்னால் மெல்லிய ‘ம்’ ஒலிக்கும் என்பதால் ‘ம்புலா’ என்றே சொல்லுங்கள். நீங்கள் இறங்கப்போகும் ஊரும் நாடி அன்று, ‘நாண்டி’. பெரியவர்களிடமும் முன்பின் தெரியாதவர்களிடமும் ‘நீ ஸா ம்புலா’ என்க வேண்டும். அந்த ‘நீ’ நம் காதுக்கு மரியாதைக் குறைவாகப் படும். அங்கே அதுதான் நம்முடைய ‘நீங்கள்’, பலரையும் குறிக்கும், ஒருவரை மதித்தும் குறிக்கும். நெருங்கிய நண்பன் ஒருவனுக்கும் சிறு பிள்ளைக்கும் மட்டும் இது தேவையில்லை, வெறும் ‘ம்புலா’ போதும். ஆனால் அதே நண்பர்கள் இருவராக வந்தால் ஒரு சொல், மூவர் நால்வராக வந்தால் வேறொரு சொல், கூட்டமாக வந்தால் மறுபடி ‘நீ’ என்று அந்த மொழி ஆட்களை எண்ணிப் பேசும். ஐயம் வந்தால் ‘நீ’ போட்டே பேசுங்கள், யாரும் கோபிக்க மாட்டார்கள்.

சமையலறையில் நாயுடு, கவுண்டர் என்ற பெயருள்ளவர்களைப் பார்த்ததும் தமிழில் தொடங்கிவிட வேண்டாம். 1903 முதல் கரும்புத் தோட்டங்களுக்குக் கப்பலேறிய தென்னிந்தியர்களின் வழிவந்த அவர்களில் பெரும்பாலோர் பிஜி இந்தியே பேசுகிறார்கள், ‘நமஸ்தே’ பொருந்தும்.

கிராமத்துக்கு அழைத்தால் தொப்பியையும் கறுப்புக் கண்ணாடியையும் கழற்றிவிட்டுச் செல்லுங்கள். சிரட்டையில் யங்கோனா என்ற வேர்ப் பானம் தருவார்கள். உள்ளங்கைகளைக் குவித்து ஒருமுறை தட்டி, ‘ம்புலா’ என்று சொல்லி வாங்கி, ஒரே மூச்சில் குடித்துவிட்டு மூன்றுமுறை தட்டுங்கள். விடைபெறும்போது ‘மோதெ’ என்க வேண்டும். ஆங்கில எழுத்தில் ‘சி’ போட்டு எழுதியிருப்பதைப் பார்த்து ‘மோசே’ என்று படித்துவிடாதீர்கள், நம் ‘பாதை’யில் வரும் ‘த’தான் அது.