கூண்டுல உட்கார்ந்தா கலையா?

கேள்வி: மெக்சிகோவுல இருந்து அமெரிக்கா போன கியெர்மோ கோமெஸ்-பேன்யாங்கிற நிகழ்த்துகலைஞர் (தன் உடம்பையே வெச்சு ஜனங்க முன்னாடி கலை பண்றவர்) கூண்டுக்குள்ள வேஷம் போட்டு உட்கார்ந்ததுக்கு, அமெரிக்காவுல பெரிசா மதிக்கிற மெக்கார்தர் விருது வாங்கினாராமே? படம் வரையத் தெரியாதவங்க பண்ற வேலைதானே இது?

பதில்: மொதல்ல வருஷத்த சரி பண்ணிக்குவோம். விருது 1991. கூண்டு 1992. கூண்டுக்காக யாரும் அவார்டு குடுக்கல சார்.

1978ல அமெரிக்கா போன மனுஷன் அடுத்த வருஷமே லாஸ் ஏஞ்சலஸ்ல பொதுஜனம் போய் வர்ற ஒரு லிஃப்டுக்குள்ள, உடம்பு முழுக்க துணிய சுத்தி கயித்தால கட்டிக்கிட்டு 24 மணி நேரம் படுத்துக் கிடந்தார். சிலர் எட்டி உதைச்சாங்க, சிலர் திட்டினாங்க, சிலர் யார்கிட்டயும் சொல்லாத அந்தரங்கத்த எல்லாம் அந்த மூட்டைகிட்ட சொன்னாங்க, ஒரு நாய் ஒண்ணுக்கு அடிச்சிட்டுப் போச்சு, ராத்திரி செக்யூரிட்டிங்க தூக்கிட்டுப் போய் பெரிய குப்பைத்தொட்டில போட்டுட்டாங்க, கடைசி ரெண்டு மணி நேரம் அதுக்குள்ளதான் கிடந்தாரு. இதையே கேன்வாஸ்ல வரைஞ்சு மாட்டியிருந்தா "அடடா, என்ன சோகம்"னு சொல்லிட்டு எல்லாரும் காபி குடிக்கப் போயிருப்பாங்க. வந்தேறின்னா எப்படி நடத்துவோம்ங்கிறத அங்க வந்தவங்களே செஞ்சு காட்டினாங்க இல்ல, அதுதான் அந்தப் படைப்பு.

இப்ப கூண்டுக்கு வருவோம். கொலம்பஸ் அமெரிக்கா பக்கம் வந்து 500 வருஷம்னு ஊரே கொண்டாடின நேரம். இவரும் கோகோ ஃபுஸ்கோங்கிற பெண் கலைஞரும் யாரும் கண்டுபிடிக்காத ஒரு தீவோட பூர்வகுடின்னு சொல்லிக்கிட்டு, புல் பாவாடை, கறுப்புக் கண்ணாடி, டிவி, லேப்டாப் சகிதம் மாட்ரிட்ல கொலம்பஸ் பேர்ல இருக்கிற சதுக்கத்துலயே கூண்டுக்குள்ள உட்கார்ந்தாங்க, அப்புறம் லண்டன், வாஷிங்டன் ஸ்மித்சோனியன் மியூசியம்னு போனாங்க. காசு குடுத்தா அந்தம்மா ராப் பாட்டுக்கு ஆடுவாங்க, இவர் புரியாத பாஷைல கதை சொல்வார். மனுஷன காட்சிக்கு வெச்ச வரலாறு தேதிவாரியா பக்கத்துலயே போர்டுல இருந்துச்சு (1906ல நியூயார்க் ப்ராங்ஸ் மிருகக்காட்சிசாலைல ஓட்டா பெங்காங்கிற காங்கோ இளைஞர குரங்குக் கூண்டுல வெச்சது கட்டுக்கதை இல்ல). அதுக்கு முன்னாடி நின்னுக்கிட்டே நிறைய பேர் இது நெஜம்னு நம்பினாங்க! லேப்டாப் வெச்சிருக்கிற காட்டுவாசின்னு யாருக்கும் உறைக்கல. வாஷிங்டன்ல ஒருத்தர் கொதிச்சுப் போய் மிருகவதை தடுப்பு அமைப்புக்கு போன் போட, மனுஷங்க எங்க கணக்குல வரமாட்டாங்கன்னு பதில் வந்துச்சு.

அறிவாளிங்க சிலருக்கு வேற கோபம், "ஏமாத்திட்டாங்களே"ன்னு. கூண்டுல மனுஷன் இருந்தது பரவால்ல, பொய் சொன்னதுதான் தப்பாம். உங்க கேள்வியும் கிட்டத்தட்ட அந்த ரகம்தான்.

அவர் பண்ணின எல்லாமே பிரமாதம்னு சொல்ல வரல. பிற்கால ஷோக்கள்ல மேக்கப்பும் அலங்காரமும் ஓவர், உள்ள இருக்கிற விஷயம் அமுங்கிப் போகுது. அத திட்டுங்க, நானும் சேர்ந்துக்கறேன். அந்த லிஃப்ட மட்டும் விட்டுடுங்க.