தொண்டு நிறுவனத்தின் த்ரிஃப்ட் கடையில் முதல் வேலைக்கு விண்ணப்பிக்கும்போது எதைச் சொல்ல வேண்டும்?

கேள்வி இது: அமெரிக்காவில் இலாப நோக்கற்ற அமைப்பு ஒன்று நடத்தும் த்ரிஃப்ட் கடையில், அதாவது நன்கொடையாக வரும் பழைய பொருள்களை விற்கும் கடையில், தொடக்கநிலை வேலைக்கு விண்ணப்பிக்க எண்ணுகிறேன், இந்த நாட்டில் இதுவரை வேலை பார்த்ததில்லை, முன் அனுபவம் இல்லை, படிப்பு முடிந்து ஆறு ஆண்டுகள் இடைவெளியும் இருக்கிறது, விண்ணப்பத்தில் எதை எழுதுவது, நேர்காணலில் என்ன கேட்பார்கள்?

இப்படிப்பட்ட கடை ஒன்றில் இரண்டரை ஆண்டுகள் வேலை செய்திருக்கிறேன். முதலில் பின்னறையில் நன்கொடைப் பொருள்களைத் தரம் பிரிக்கும் வேலையில் சேர்ந்தேன். பிறகு ஷிஃப்ட் பொறுப்பாளர் ஆனபோது, மேலாளருடன் அமர்ந்து விண்ணப்பங்களைப் படிக்கவும் நேர்காணல்களில் உடனிருக்கவும் வாய்த்தது. அதனால் மேசையின் இரண்டு பக்கங்களிலிருந்தும் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல என்னால் முடியும் என்று நினைக்கிறேன்.

முதலில் நான் செய்த தவற்றைச் சொல்லிவிடுகிறேன். என் முதல் விண்ணப்பத்தில் சேவை மனப்பான்மை, சுற்றுச்சூழல்மீது உள்ள அக்கறை, எளியவர்களுக்கு உதவும் ஆர்வம் ஆகியவற்றைப் பற்றி அரைப்பக்கத்துக்கு எழுதியிருந்தேன். எந்தெந்த நாள்களில், எந்த நேரத்தில் வேலைக்கு வர இயலும் என்று கேட்ட கட்டத்திலோ, பேசி முடிவு செய்யலாம் என்று ஒரே வரியில் நிரப்பியிருந்தேன். அந்த விண்ணப்பத்துக்குப் பதிலே வரவில்லை. பின்னாளில் நானே விண்ணப்பங்களைப் புரட்டியபோதுதான் காரணம் விளங்கியது. மேலாளரின் கண் முதலில் போய் நிற்பது அந்த நேரக் கட்டத்தில்தான். வார நாள்களில் அலுவலகம் செல்பவர்கள் வார இறுதியில்தான் வீட்டை ஒழித்து மூட்டைகளைக் கொண்டுவருகிறார்கள். வாங்குபவர்களின் கூட்டமும் அப்போதுதான் மிகுதி. ஆகவே சனிக்கிழமை முழுநாளும், செவ்வாயும் வியாழனும் காலை 9 முதல் பிற்பகல் 3 வரையும் வர இயலும் என்பதுபோல் துல்லியமாக எழுதுபவர், சேவையைப் பற்றி எவ்வளவு அழகாக எழுதுபவரையும் முந்திவிடுகிறார். அதற்காகக் காப்பாற்ற முடியாத நேரத்தை எழுதிவிடாதீர்கள். மூன்றாவது வாரத்திலேயே ஷிஃப்டை மாற்றித் தரும்படி கேட்பவரைவிட, குறைந்த மணிநேரம் சொல்லித் தவறாமல் வருபவரையே எந்த மேலாளரும் விரும்புவார்.

அடுத்து, இது விற்பனை வேலை என்ற எண்ணத்தை மாற்றிக்கொள்ள வேண்டும். சாதாரணக் கடைக்குச் சரக்கு வரும்போது அதனுடன் பட்டியலும் விலையும் வந்துவிடும். இங்கோ அடுத்த பையில் என்ன இருக்கிறது என்பது அதைத் திறக்கும்வரை யாருக்கும் தெரியாது. துவைத்து மடித்த சட்டைகளுக்கு அடியில் ஈரத்துணியும் உடைந்த கண்ணாடியும் இருக்கலாம். அதனால் கடையின் உயிர் கல்லாவில் இல்லை, பின்னறையில் இருக்கிறது. மேசைமுன் நிற்பவர் ஒவ்வொரு பொருளையும் சில விநாடிகளுக்குள், வாடிக்கையாளர்கள் நடமாடும் விற்பனைத் தளத்துக்கா, மறுசுழற்சிக்கா, குப்பைக்கா என்று முடிவு செய்ய வேண்டும். துணி என்றால் கழுத்துப்பட்டை, அக்குள், ஜிப், பொத்தான் என்று கண்ணும் கையும் ஒரு வரிசையில் ஓடப் பழகிவிடும். தேறியதை ஹேங்கரில் மாட்டி, அளவைப் பார்த்து, அந்த வாரத்துக்குரிய நிறத்தில் விலைச்சீட்டைக் குத்த வேண்டும். பல கடைகளில் வாரத்துக்கு ஒரு நிறம் என்று சுழற்சி இருக்கும். சில வாரங்கள் கழிந்தும் விற்காத பழைய நிறச் சீட்டுள்ளவை தள்ளுபடிக்குப் போகும், அப்போதும் விற்காதவை தளத்திலிருந்து எடுக்கப்படும். அவை எடைக்கு விற்கும் கடைக்கோ, பேலர் என்னும் அழுத்தும் இயந்திரத்தில் பெரும் பொதிகளாகக் கட்டப்பட்டுத் துணி வணிகர்களிடமோ போய்ச் சேரும். வருவது நிற்காது, ஆகவே பிரிப்பதும் நிற்க முடியாது.

இந்தப் பிரிப்பில் சட்டமும் உண்டு. பாதுகாப்புக் குறைபாட்டால் சந்தையிலிருந்து திரும்பப் பெறப்பட்ட பொருள்களை விற்பதை 2008ஆம் ஆண்டின் நுகர்வோர் பொருள் பாதுகாப்பு மேம்பாட்டுச் சட்டம் தடை செய்கிறது. அந்தத் தடை பழைய பொருள் விற்கும் கடைகளுக்கும் பொருந்தும். பக்கவாட்டுத் தடுப்பு கீழே இறங்கும் குழந்தைத் தொட்டில்களை 2011 ஜூன் முதல் புதிதாகவும் விற்க முடியாது, பழையதாகவும் விற்க முடியாது. பார்க்க மிக நன்றாக இருக்கும் ஒரு தொட்டிலைக் குப்பைக்கு அனுப்பச் சொன்னபோது எனக்கு மனம் வலித்தது. குழந்தைகள் அதில் சிக்கி இறந்திருக்கிறார்கள் என்று மேலாளர் விளக்கிய பிறகு அந்த வலி போய்விட்டது. நேர்காணலில் இந்தச் சட்டங்களை ஒப்பிக்க வேண்டியதில்லை. ஆனால் எல்லாவற்றையும் விற்றுவிட முடியாது என்பதை அறிந்திருக்கிறேன் என்று ஒரு வரி சொன்னால், அதைச் சொல்பவர்கள் மிகக் குறைவு என்பதால் நினைவில் நிற்பீர்கள்.

இப்போது விண்ணப்பத்துக்கு வருவோம். முன் அனுபவம் இல்லை என்று நீங்கள் எழுதியிருப்பது என் கணிப்பில் சரியன்று. ஊதியம் பெற்ற அனுபவம் இல்லை என்பதே சரி. இந்த வேலைக்கு வேண்டியவை நீண்ட நேரம் நிற்கும் உடல், ஒரே செயலைச் சலிக்காமல் திரும்பத் திரும்பச் செய்யும் பொறுமை, தயங்காமல் முடிவெடுக்கும் கண், சொன்ன நேரத்துக்கு வரும் ஒழுங்கு ஆகியவைதாம். பள்ளி ஒன்றின் பழைய புத்தக விற்பனையில் இரண்டு நாள்கள் பெட்டிகளைப் பிரித்து வகைப்படுத்தினீர்களா, குடியிருப்புச் சங்க விழாவில் பணம் வாங்கி மாலையில் கணக்கை ஒப்படைத்தீர்களா, வீடு மாறும்போது ஒரு குடும்பத்தின் உடைமை முழுவதையும் தனியாளாகக் கட்டி அனுப்பினீர்களா? எதைச் செய்தீர்கள், எத்தனை பெட்டி, எத்தனை நாள் என்ற விவரத்துடன் எழுதுங்கள். பொறுப்புணர்வு மிக்கவர் என்று நீங்களே சொல்வதைவிட, இரண்டு ஆண்டுகள் ஒவ்வொரு ஞாயிறும் காலை எட்டு மணிக்கு நூலகக் கதவைத் திறந்தவர் என்பதே பேசும். ஆறாண்டு இடைவெளியை மறைக்க வேண்டாம், விளக்கிக்கொண்டும் இருக்க வேண்டாம். குடும்பப் பொறுப்பில் இருந்தேன், இப்போது வாரத்துக்கு இத்தனை மணிநேரம் தர இயலும் என்ற ஒரு வாக்கியம் போதும். முதுகலைப் பட்டத்தை எழுதலாமா என்று பலர் தயங்குகிறார்கள். எழுதுங்கள், ஆனால் கடைசியில் ஒரு வரியாக எழுதுங்கள். பட்டம் மேலே நின்றால், இவர் இரண்டு மாதத்தில் போய்விடுவார் என்ற ஐயம்தான் படிப்பவருக்கு முதலில் எழும்.

தொடக்கநிலை வேலை என்ற பெயரில் நான்கு வெவ்வேறு வேலைகள் இருக்கின்றன: வாசலில் நன்கொடை பெறுவது, பின்னறையில் பிரிப்பது, கல்லாவில் நிற்பது, லாரியில் ஏற்றி இறக்குவது. அறிவிப்பில் 50 பவுண்டு தூக்க இயல வேண்டும் என்று போட்டிருந்தால் அது ஏறத்தாழ 23 கிலோ. அது பேச்சுக்கு எழுதியதன்று, உண்மையிலேயே தூக்க வேண்டியிருக்கும். எது கிடைத்தாலும் சரி என்று எழுதாமல், முதல் விருப்பமும் இரண்டாம் விருப்பமும் குறிப்பிடுங்கள். ஆங்கிலம் பேசத் தயக்கம் இருந்தால் பின்னறையில் தொடங்குவது நல்லது. அங்கே கேட்டும் பேசியும் பழகிவிட்டுச் சில மாதங்களில் கல்லாவுக்கு மாறியவர்கள் எங்களிடம் இருந்தார்கள்.

வாசல் வேலை எளிது என்று தோன்றும், ஆனால் அங்குதான் நயமும் உறுதியும் ஒருசேர வேண்டும். கிழிந்த மெத்தையைத் தூக்கிக்கொண்டு வருபவரிடம், அவர் மனம் நோகாமல், இதை எங்களால் எடுத்துக்கொள்ள இயலாது என்று சொல்ல வேண்டியிருக்கும். வருமான வரிக் கழிவுக்காக ரசீது கேட்பார்கள். அதில் பொருளின் மதிப்பை எழுதித் தரும்படி வற்புறுத்துபவர்களும் உண்டு. மதிப்பைக் கணிப்பது கொடுப்பவரின் பொறுப்பு, பெற்றுக்கொண்டதை உறுதி செய்வது மட்டுமே கடையின் பொறுப்பு. டிசம்பர் 31 அன்று வரியாண்டு முடிவதால் கடைசி வாரத்தில் வாசலில் கார்கள் வரிசை கட்டி நிற்கும். அந்த வாரத்தில் விடுப்புக் கேட்க மாட்டேன் என்று நேர்காணலில் தாமாகவே சொன்ன ஒருவரை எங்கள் மேலாளர் அந்த இடத்திலேயே தேர்ந்தெடுத்தார்.

இலாப நோக்கற்றது என்ற சொல் குறித்தும் தெளிவு வேண்டும். 1902இல் பாஸ்டனில் எட்கர் ஹெல்ம்ஸ் என்ற மெதடிஸ்ட் போதகர், வசதியானவர்களின் வீடுகளிலிருந்து பழைய துணிகளையும் பொருள்களையும் திரட்டி, வேலையற்ற ஏழைகளுக்கு அவற்றைச் சீர்செய்யும் வேலை தந்து தொடங்கியதே பின்னாளில் குட்வில் என்ற த்ரிஃப்ட் கடை அமைப்பு ஆயிற்று. சால்வேஷன் ஆர்மி என்ற கிறித்தவத் தொண்டு அமைப்பின் கடை வருவாய் போதைப் பழக்கத்திலிருந்து மீள்பவர்களின் மறுவாழ்வு மையங்களுக்குப் போகிறது. ஏழைகளுக்கு வீடு கட்ட உதவும் ஹாபிடாட் அமைப்பின் ரீஸ்டோர் கடைகளில் மரச்சாமான்களும் கட்டுமானப் பொருள்களும் விற்கப்பட்டு, அந்தப் பணம் வீடு கட்டும் பணிக்கு உதவுகிறது. நீங்கள் விண்ணப்பிக்கும் கடையின் பணம் எங்கே போகிறது என்பதை ஒரே வாக்கியத்தில் சொல்லத் தெரிந்திருந்தால் போதும்; எங்களைப் பற்றி என்ன அறிவீர்கள் என்ற கேள்வி ஏறக்குறைய உறுதியாக வரும். குட்வில்லில் விண்ணப்பிப்பவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று: அது ஒரே நிறுவனமன்று, வட்டாரவாரியாகத் தனித்தனியே இயங்கும் ஏறத்தாழ 150 அமைப்புகளின் கூட்டு. ஒரு வட்டாரத்தில் தந்த விண்ணப்பம் பக்கத்து வட்டாரத்துக்குத் தானாகப் போகாது.

வேலையளிப்பதே இந்த அமைப்புகள் பலவற்றின் நோக்கம் என்பதால், உடன் வேலை செய்பவர்களும் பலதரப்பட்டவர்களாக இருப்பார்கள். மாற்றுத்திறனாளிகள், சிறையிலிருந்து திரும்பியவர்கள், புதிதாகக் குடியேறியவர்கள், ஓய்வு பெற்றவர்கள் என்று ஒரே மேசையைச் சுற்றி நின்றோம். உங்களிடமிருந்து மிகவும் வேறுபட்ட ஒருவருடன் எப்படி வேலை செய்வீர்கள் என்ற கேள்விக்கு இரக்கத்தைக் காட்டிப் பதில் சொல்லாதீர்கள். எனக்குத் துணிகளின் தரத்தைக் கற்றுக்கொடுத்தவர் காது கேளாத ஒரு பெண்மணி. அவருடைய வேகத்தில் பாதியைக்கூட நான் எட்டவில்லை.

நேர்காணலில் மிக முக்கியமான கேள்வி நேர்மை பற்றியது. கோட்டுப் பையில் மோதிரமோ பணமோ இருந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்பார்கள், அல்லது உங்களுக்கு மிகவும் பிடித்த பொருள் பையிலிருந்து வந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்பார்கள். முதல் கேள்விக்கு, உடனே பொறுப்பாளரிடம் கொடுப்பேன் என்று எல்லோரும் சொல்லிவிடுவார்கள். இரண்டாவதில்தான் பலர் சறுக்குகிறார்கள். விலை கொடுத்து வாங்கிக்கொள்வேன், அதற்காக எடுத்து வைத்திருப்பேன் என்று சொல்வது தவறான பதில். பெரும்பாலான கடைகளில், பொருள் விலைச்சீட்டுடன் தளத்துக்குப் போய், பொதுமக்கள் பார்க்கும் வாய்ப்புக் கிடைத்த பிறகே ஊழியர் வாங்கலாம். அதையும் வேலை நேரத்தில் வாங்க இயலாது. ஒளித்து வைப்பது, தானே குறைந்த விலை குத்துவது, குப்பைக்குப் போவதை வீட்டுக்கு எடுத்துச் செல்வது ஆகிய மூன்றுக்காகவும் வேலை இழந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். ஆகவே, மற்றவற்றைப் போலவே அதையும் தளத்துக்கு அனுப்புவேன், ஊழியர்கள் வாங்குவதற்கு உங்கள் விதி என்ன என்று திருப்பிக் கேட்பதே நல்ல பதில்.

ஆவணங்களைப் பற்றிக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். அமைப்பு இலாப நோக்கற்றது என்பதால் வேலை அனுமதி தேவையில்லை என்று நம்மவர்கள் சிலர் நினைக்கிறார்கள், அது தவறு. ஹெச்-1பி போன்ற வேலை விசாவில் இருப்பவரின் குடும்பத்தினருக்கான ஹெச்-4 விசாவில் இருப்பவர் தமக்குரிய வேலை அனுமதி அட்டை கைக்கு வந்த பிறகே சேரலாம். எஃப்-1 மாணவர்களும் உரிய அனுமதியின்றி வளாகத்துக்கு வெளியே இத்தகைய வேலையில் சேர இயலாது. வேலையில் சேர்ந்த முதல் நாளிலிருந்து மூன்று வேலை நாள்களுக்குள் வேலை செய்யும் உரிமையைச் சரிபார்க்கும் ஐ-9 படிவத்துக்கான மூல ஆவணங்களைக் காட்ட வேண்டும். ஏற்கத்தக்கவற்றின் பட்டியலிலிருந்து எதைக் காட்டுவது என்பது உங்கள் தேர்வு, குறிப்பிட்ட ஒன்றைத்தான் தர வேண்டும் என்று அவர்கள் கேட்கக்கூடாது. ஊதிய விதிகளிலும் அமைப்புக்குச் சலுகை கிடையாது. வேலை நேரம் முடிந்து பதிவு செய்துவிட்ட பிறகு, தொண்டாகக் கருதி இன்னும் ஒரு மணிநேரம் இருந்து முடித்துக் கொடுங்கள் என்று யாரேனும் சொன்னால் மறுத்துவிடலாம்; ஊதியத்துக்குச் செய்யும் அதே வேலையை அதே நிறுவனத்துக்கு இலவசமாகச் செய்யும்படி கேட்பதைச் சட்டம் அனுமதிப்பதில்லை.

விண்ணப்பித்து ஒரு வாரம் ஆகியும் அழைப்பு வராவிட்டால், செவ்வாய் அல்லது புதன் முற்பகலில் நேரில் சென்று, இன்ன தேதியில் இன்ன வேலைக்கு விண்ணப்பித்தேன் என்று மேலாளரிடம் இரண்டு நிமிடம் பேசுங்கள். சனிக்கிழமை மட்டும் போகாதீர்கள். நேர்காணலுக்கு எளிய, சுத்தமான உடையும் விரல்களை மூடிய காலணியும் போதும். காலணியைக் குறிப்பாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. பேச்சு முடிந்ததும் பின்னறையைப் பார்க்கிறீர்களா என்று பல மேலாளர்கள் கேட்பார்கள். உடைந்த கண்ணாடி விழும் இடம் என்பதால் திறந்த செருப்புடன் வந்தவரை உள்ளே விட மாட்டார்கள். உள்ளே போனால் அந்தத் தூசியையும் வாசனையையும் இரைச்சலையும் நிதானமாகப் பாருங்கள், அங்கே நிற்பவர்களிடம் ஒரு நாளைக்கு எத்தனை உருப்படி முடிக்க வேண்டும் என்று கேளுங்கள். அந்த எண்ணைக் கேட்ட பிறகும் உங்களுக்கு ஆர்வம் குறையவில்லை என்றால், எந்த நாளிலிருந்து வரலாம் என்பதை வெளியே வருமுன் மேலாளரிடம் சொல்லிவிடுங்கள்.