கதையைப் பதிவு செய்தீர்களா?

கேள்வி: நான்கு வருடமாக இந்தித் தொடர்களுக்கு எழுதுகிறேன். நானே தயாரிப்பாளராக முடியுமா? (வாசகி, மாதுங்கா, மும்பை)

பதில்: தாராளமாக முடியும். முதலில் கதையைக் காப்பாற்றுங்கள். அந்தேரியில் இருக்கும் திரைக்கதை எழுத்தாளர்கள் சங்கத்தில் உறுப்பினராகி, பதிவு செய்த பிறகே யாரிடமும் வாயைத் திறங்கள். நான் ஒரு டீக்கடையில், கையிலிருந்த கட்டிங் சாய் ஆறிப்போவதுகூடத் தெரியாமல் முழுக் கதையையும் சொல்லிவிட்டு, ஆறு மாதம் கழித்து அதையே டிவியில் பார்த்து அழுதவன். அப்புறம் ஒப்பந்தம். 2012ல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்ட பிறகு, தியேட்டர் தவிர்த்த வழிகளில் வரும் ராயல்டி உரிமையை எழுத்தாளர் தயாரிப்பாளருக்கு விட்டுக்கொடுக்க முடியாது, அப்படி ஒரு வரி இருந்தால் கையெழுத்துப் போடாதீர்கள். தயாரிப்பு வேறு வேலை, பட்ஜெட், கால்ஷீட், யூனிட்டுக்குக் காலை டிபன் வரை. ஒரு மாதம் கோரேகான் ஃபிலிம் சிட்டி செட்டில் புரொடக்‌ஷன் மேனேஜர் பக்கத்திலேயே நின்று, பணம் எங்கே போகிறது என்று பாருங்கள்.