'பிரெசுமே கூப்பாப்ல்' படத்தில் வருவதெல்லாம் உண்மையில் நடந்ததா?

ஆமாம், பெரும்பாலும் நடந்ததுதான். வின்சென்ட் கராங்க் இயக்கி 2011-இல் வந்த பிரெஞ்சுப் படம் இது; தலைப்புக்கு 'குற்றவாளி என்று கருதப்பட்டவர்' என்று பொருள். பிரான்சின் வடக்குப் பகுதியில் ஊத்ரோ என்ற ஊரில் வெடித்த வழக்குதான் கதை. அலென் மரெக்கோ கோர்ட் அமீனா போன்ற வேலையில் இருந்தவர். 2001 நவம்பரில் ஒருநாள் விடியற்காலையில் போலீஸ் வந்து அவரையும் மனைவியையும் கைது செய்தது. குழந்தைகளைப் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கினார்கள் என்பது குற்றச்சாட்டு.

கொடுமை நடந்தது நிஜம். குழந்தைகள் பாதிக்கப்பட்டதும் நிஜம். ஆனால் குற்றத்தை ஒப்புக்கொண்ட ஒரு தாய், சம்பந்தமே இல்லாதவர்களையும் இழுத்துவிட்டார்.

அதை நீதிமன்றம் எப்படி நம்பியது? அங்கே பெரிய வழக்குகளை விசாரணை நீதிபதி ஒருவரே கையில் எடுப்பார். குற்றத்துக்கான ஆதாரத்தோடு, குற்றமில்லை என்பதற்கான ஆதாரத்தையும் அவரேதான் தேட வேண்டும். இங்கே முதல் பாதி மட்டும் நடந்தது. குற்றம் சொன்னவர்களை ஒன்றாக உட்காரவைத்து, எதிரே ஒற்றை ஆளை நிறுத்தினார்கள். ஒருவர் சொன்னதையே அடுத்தவரும் சொல்ல, அதுவே ஆதாரமாகிவிட்டது!

சிறையில் மரெக்கோ நீண்ட உண்ணாவிரதம் இருந்தார். அதற்காக, அவராக நடித்த ஃபிலிப் தொரெத்தோன் உடலை எலும்பும் தோலுமாக்கியிருக்கிறார். பின்பாதியில் என்னால் திரையைப் பார்க்கவே முடியவில்லை.

சரி, முடிவு? இப்படிச் சிக்கியவர்களில் 7 பேர் 2004-இல் விடுதலை. மரெக்கோ உட்பட மற்ற 6 பேர் 2005 டிசம்பரில், பாரிஸ் மேல்முறையீட்டில் விடுதலையானார்கள். மறு வருடம் நாடாளுமன்றக் குழு அந்த விசாரணை நீதிபதியையே கூப்பிட்டு விசாரித்தது, அதுவும் தொலைக்காட்சி நேரலையில்.